ஆர்மீனியன் தெருப் பேரேடு

பினாங்கு ஆர்மீனியன் தெருவில் எங்கள் வாடகை வீட்டுக்கு இரண்டு கதவு தள்ளி, சீனர்கள் எரிக்கும் சாமிக் காகிதம் விற்கிற கடை இருந்தது. 1960களின் நடுப்பகுதி அது. பள்ளி விட்டு வந்ததும் சட்டையைக்கூட மாற்றாமல் அங்கே ஓடிவிடுவேன். கடைக்காரரின் பேரன் என் வயதுக்காரன். கடை முன்னால் இருந்த ஐந்தடி நடைபாதையில் ஒரு பலகையைப் போட்டுக்கொண்டு இருவரும் காகிதம் மடிப்போம். நடுவில் சதுரமாகத் தங்க ரேக்கு ஒட்டிய முரட்டுத் தாள் சாமிக்கு. வெள்ளி ரேக்கு ஒட்டியது செத்துப்போன முன்னோருக்கு. ஓரங்களை உள்ளே தள்ளி, இரண்டு முனைகளையும் மேலே தூக்கிவிட்டால் அந்தக் காலத்துச் சீன வெள்ளிக்கட்டியின் வடிவம் வந்துவிடும். மடித்ததை எண்ணிக் கூடையில் போட்டால், அதற்குத் தக்கபடி கூலி. விரல் நுனியெல்லாம் ரேக்குப் பொடி மினுங்கும். அந்தக் கையோடு வீட்டுக்குள் நுழைந்தால் பாட்டி விடமாட்டாள்; குழாயடிக்கு விரட்டுவாள்.

கடைக்காரரை மற்றவர்களைப் போல நானும் 'ஆப்பே' என்றுதான் கூப்பிடுவேன். கைவைத்த வெள்ளைப் பனியன், கறுப்புக் காற்சட்டை, கையில் எப்போதும் ஒரு பனையோலை விசிறி. என்னோடு பசார் மலாய் என்ற கடைத்தெரு மலாயில் பேசுவார், நடுநடுவே தமிழ்ச்சொல் வரும். என்னைத் 'தம்பி' என்பார். உள்ளே மரத்தட்டுகளில் மடித்த காகிதத்தோடு அச்சடித்த நோட்டுகளும் கட்டுக் கட்டாக இருக்கும். தாடி வைத்த தேவலோக அரசர் படம், ஒன்றுக்குப் பின்னால் எண்ண முடியாத பூஜ்யங்கள். சீனக் கணக்கில் ஏழாம் மாதம், பசித்த ஆவிகளின் மாதம் வரும்போது அந்தக் கட்டுகள் மூட்டையாகப் போகும். தெருமுனைகளில் இரவெல்லாம் எரியும். நாங்கள் அதில் ஒரு கட்டை எடுத்து வைத்துக்கொண்டு பணக்காரன் விளையாட்டு விளையாடினால் ஆப்பேயின் முகம் மாறிவிடும். அடிக்கமாட்டார். வாங்கித் தட்டில் வைத்துவிட்டு, "செத்தவங்க காசு, தம்பி" என்பார்.

இந்த இடத்தில், வெகுகாலம் கழித்து நான் படித்துத் தெரிந்துகொண்ட ஒன்றைச் சொல்லிவிட வேண்டும். சீனத்தில் இறந்தவர்களுக்குக் காகிதக் காசு வந்த பிறகுதான் உயிரோடிருப்பவர்களுக்குக் காகிதக் காசு வந்தது. தாங் வம்சத்தில், 8ஆம் நூற்றாண்டிலேயே, காகிதக் காசை எரிக்கும் வழக்கம் அரண்மனைச் சடங்கு வரை ஏறிவிட்டது. கடைத்தெருவில் அரிசி வாங்கும் காகிதம் பிறக்க அதற்குப் பிறகு 200 வருடங்களுக்கு மேல் ஆனது. ஆப்பே கடையில் மரத்தட்டில் இருந்தது இளையது அல்ல, மூத்தது.

ஆனால் எங்களை இழுத்தது மரத்தட்டு அல்ல, மேசைக்குக் கீழே இருந்த பேரேடு. நீலத்துணி அட்டை, மெல்லிய தாள், நூல் தையல். ஆப்பே சாமிக் காகிதக் கடை போடுவதற்கு முன்னால் பணமும் கடிதமும் ஊருக்கு அனுப்பிவைக்கும் ஒரு கடையில் கணக்கப்பிள்ளையாக இருந்தவர். அந்தத் தொழிலை இன்று யாருக்கும் விளக்கித்தான் சொல்ல வேண்டியிருக்கிறது. ஈயச் சுரங்கத்திலும் துறைமுகத்திலும் உழைத்த சீனக் கூலி, சம்பள நாளில் கடைக்கு வருவான். கொடுக்க வேண்டிய வெள்ளியைக் கொடுப்பான்; டாலரை எங்கள் ஊரில் வெள்ளி என்றுதான் சொல்வோம். எழுதத் தெரியாதவனாக இருந்தால் கணக்கப்பிள்ளையே நாலு வரி எழுதுவார்: அம்மாவுக்கு வணக்கம், நான் சுகம், இத்தனை வெள்ளி அனுப்புகிறேன், தம்பியைப் பள்ளிக்கு அனுப்பு. உறையின் ஓரத்தில் தொகை எழுதப்படும். கப்பலில் ஸியாமென் துறைமுகம் போகும். அங்கிருந்து தூக்குக்காரர் ஒருவர் கிராமம் கிராமமாக நடந்து, வீட்டு வாசலில் பணத்தை எண்ணிக் கொடுத்துவிட்டு, அங்கேயே பதில் எழுதி வாங்கிக்கொண்டு திரும்புவார். அந்தப் பதில் பினாங்குக்கு வந்து சேர்ந்தால்தான் கணக்கு முடிந்தது. தெரிந்தவன் தெரிந்தவனிடம் ஒப்படைத்து நடந்த காரியம். 2013இல் யுனெஸ்கோ இந்தக் கடிதங்களை உலக நினைவேட்டில் சேர்த்தது. சேர்க்கத் தகுந்தவைதான், கூலிகளின் வரலாற்றை அவர்களே எழுதிவைத்தது வேறு எங்கே அவ்வளவு கிடைக்கிறது?

பேரேட்டில் எண்கள் பள்ளியில் நான் கற்ற எண்கள் அல்ல. பேரன் படித்த சீனப் பள்ளியிலும் அவை கிடையாது. வியாபாரிகளின் கணக்கெழுத்து. ஒன்று, இரண்டு, மூன்றுக்கு நின்ற கோடுகள். நான்குக்குப் பெருக்கல் குறி. ஆப்பே விசிறிக் காம்பால் தொட்டுத் தொட்டுச் சொல்லிக் கொடுத்தார், ஒரு மழைக்காலத்தில் எங்கள் இருவருக்கும் அது படிந்துவிட்டது.

பேரேட்டின் பக்கங்களுக்கு நடுவே நோட்டுகள் இருந்தன. ஸியாமென் கூட்டாளிக் கடையிலிருந்து, புதிதாக ஒரு நோட்டு புழக்கத்துக்கு வரும்போதெல்லாம் பதில் கடிதக் கட்டோடு ஒன்று அனுப்பிவைப்பார்களாம், பினாங்குக் கடைக்குத் தெரிந்திருக்கட்டும் என்று. ஆப்பே அதை அந்த வருடத்துக் கணக்குப் பக்கத்திலேயே வைத்துவிடுவார். ஆகவே பேரேட்டைப் புரட்டினால் வருடம் புரளும், நோட்டும் மாறும். முன்பக்கத்துச் சீன எழுத்தைப் பேரன் வாசிப்பான். பின்பக்கம் ஆங்கிலம், அது என் பங்கு. அமெரிக்காவிலும் லண்டனிலும் அச்சாகி வந்த நோட்டுகள் அவை. கம்பிக்கோடு போல நுணுக்கமான வேலைப்பாடு, தடித்த தாள். ஒரு பக்கத்துக்கு ஒருவன் என்று வைத்துக்கொண்டு, இருவரும் சேர்ந்தால்தான் ஒரு நோட்டை முழுதாக வாசித்து முடிக்க முடிந்தது.

முதல் பக்கங்களில் நோட்டு இல்லை. காகிதத்தில் சுற்றிய ஒரு வெள்ளி நாணயம் மட்டும் இருந்தது. 1914இல் அடித்தது, அப்போதைய சீன அதிபர் யுவான் ஷிகாயின் தலை போட்டது. ஆப்பே அதை நடுவில் இரண்டு நகங்களால் பிடித்து, ஓரத்தில் ஊதி, காதோரம் கொண்டுபோவார். நல்ல வெள்ளியானால் மெல்லிய ரீங்காரம் நீண்டு கேட்கும். எங்கள் காதிலும் வைப்பார். அந்தக் கணக்கப்பிள்ளை வாழ்வில் அவர் கற்ற முதல் வித்தை அதுதான்.

அப்புறம் 1935. அந்த வருடம் நவம்பர் 4ஆம் தேதி சீன அரசு வெள்ளியை விட்டது. முந்தைய வருடம் அமெரிக்கா வெள்ளியை அதிக விலைக்கு வாங்கச் சட்டம் போட்டதில் சீனத்து வெள்ளியெல்லாம் கப்பலேறிப் போய்க்கொண்டிருந்தது. கடைகள் மூடின, வங்கிகள் தடுமாறின. கையில் இருக்கும் வெள்ளியைக் கொடுத்துவிட்டு அரசு வங்கிகளின் நோட்டை வாங்கிக்கொள்ள வேண்டும் என்று ஆணை வந்தது. 'ஃபாபி' என்றார்கள் அந்த நோட்டை. பேரேட்டில் அந்தப் பக்கத்து நோட்டில் சன் யாட்-சென் இருந்தார். "இந்த ஆளு நம்ம தெருவுல இருந்தவரு" என்றார் ஆப்பே. நாங்கள் நம்பவில்லை. விசிறியால் தெருவைக் காட்டினார். உண்மைதான். எங்கள் ஆர்மீனியன் தெரு 120ஆம் எண் வீட்டில்தான் 1910இல் அவருடைய புரட்சி இயக்கத்தின் தென்கிழக்காசியத் தலைமையிடம் இருந்தது. மறு வருடம் காண்டனில் நடந்த கிளர்ச்சிக்குத் திட்டமும் பணமும் பினாங்கில் சேர்ந்தன. கூலிகளிடமும் தவுக்கே எனப்படும் முதலாளிமார்களிடமும் கையேந்திப் பணம் திரட்டிய ஒருவரின் முகத்தைப் பிறகு பணத்திலேயே போட்டார்கள். பள்ளிக்குப் போகும் வழியில் அந்த வீட்டை நிமிர்ந்து பார்த்துக்கொண்டே போவேன்.

1938இலிருந்து சில பக்கங்கள் வேறு மாதிரி. மகன் தாய்க்கு அனுப்பியது ஒரு வரி. நாட்டுக்கென்று கொடுத்தது இன்னொரு வரி. ஜப்பானை எதிர்த்து நின்ற சீனத்துக்கு, தான் கா கீ என்ற வணிகரின் தலைமையில் தென்கடல் நாட்டுச் சீனர்கள் நிதி திரட்டிய காலம். ரிக்‌ஷா இழுத்தவனும் கொடுத்தான் என்பார் ஆப்பே. 1941 டிசம்பரோடு வரிகள் நின்றுவிடும். பினாங்கில் குண்டு விழுந்தது அப்போது. அந்தப் பக்கத்துக்கு அப்புறம் நாலைந்து வெறும் தாள்களை அவர் வேண்டுமென்றே விட்டுவைத்திருந்தார்.

வெறும் தாள்களுக்கு எங்கள் வீட்டில் விளக்கம் இருந்தது. பாட்டியின் தகரப் பெட்டிக்குள் புடவைகளுக்கு அடியில், ஜப்பான்காரன் மலாயாவைப் பிடித்து ஆண்ட காலத்து நோட்டு இருந்தது. வாழைமரம் போட்ட பத்து வெள்ளித் தாள், கற்றையாக. மாடு விற்ற பணம் என்று மட்டும் சொல்வாள். 1945 செப்டம்பரில் வெள்ளைக்காரன் திரும்பி வந்ததும் அது செல்லாது என்றாகிவிட்டது. பாட்டி அந்தக் கற்றையை எறியவும் இல்லை, வெளியே எடுக்கவும் இல்லை. ஒருநாள் நான் அதில் ஒன்றை உருவிக்கொண்டு போய் ஆப்பேயிடம் காட்டினேன். வாங்கி, இரண்டு பக்கமும் பார்த்து, அவருடைய நோட்டுகளோடு வைத்துக்கொள்ளட்டுமா என்று கேட்கவில்லை. "பாட்டிகிட்டே குடுத்துடு" என்றார். "அது அவங்க மாடு."

1946இலிருந்து பூஜ்யங்கள் தொடங்குகின்றன. இதைப் புள்ளிவிவரமாக இப்போது தெரியும்: 1937இல், போர் தொடங்கும் முன், புழக்கத்தில் இருந்த ஃபாபி சுமார் 140 கோடி யுவான், 1948 ஆகஸ்டில் 660 லட்சம் கோடிக்கு மேல். முதலில் ஜப்பானோடு போர், பிறகு கம்யூனிஸ்டுகளோடு உள்நாட்டுப் போர். வரி வராத அரசு அச்சு இயந்திரத்தை ஓட்டியே படைக்குச் சம்பளம் கொடுத்தது. ஆனால் எனக்குப் பேரேட்டில்தான் அது புரிந்தது. ஒரே ஆள், ஒரே தாய், ஒரே ஊர். இங்கே அவன் கட்டிய மலாயா வெள்ளி மாறவேயில்லை. எதிர்ப்பக்கத்தில், அங்கே போய்ச் சேர்ந்த யுவான் மாதத்துக்கு மாதம் நீண்டுகொண்டே போய், கட்டத்துக்குள் அடங்காமல் ஓரத்தில் வழிந்தது. நாங்கள் இருவரும் விரல் வைத்துப் பூஜ்யம் எண்ணுவோம். அவன் சீனத்தில், நான் தமிழில்.

அந்தப் பக்கங்களில் நீளவாக்கில் நின்ற அழகான நோட்டுகள் சில இருந்தன. பின்பக்கம் 'கஸ்டம்ஸ் கோல்டு யூனிட்ஸ்' என்று நான் வாசித்தேன். தங்கமா என்று கேட்டதற்கு ஆப்பே ஒரு காலத்தில் தங்கம்தான் என்றார். 1930இல் சுங்க வரியைத் தங்கக் கணக்கில் வாங்குவதற்காக உண்டாக்கிய அலகு அது. ஒன்றுக்கு அமெரிக்க 40 காசு. 1942இல் அதையே சாதாரணப் புழக்கத்துக்கு விட்டு, ஒன்றுக்கு 20 ஃபாபி என்றார்கள். 1948இல் அதிலேயே இரண்டரை லட்சத்து நோட்டு வந்தது. ஷாங்காய் சுங்கச்சாவடிக் கட்டடத்தின் படம் மட்டும் மாறாமல் பின்பக்கத்தில் இருந்தது.

அதே வருடம் ஆகஸ்ட் 19 அன்று தங்க யுவான். 30 லட்சம் ஃபாபிக்கு ஒன்று. மக்கள் கையிலிருக்கும் தங்கத்தையும் வெள்ளியையும் அந்நியப் பணத்தையும் செப்டம்பர் முடிவதற்குள் ஒப்படைத்துவிட வேண்டும். 200 கோடிக்கு மேல் அச்சடிக்கமாட்டோம் என்று அரசு வாக்குக் கொடுத்தது. ஷாங்காயில் அதிபர் சியாங் கை-ஷேக்கின் மகன் சியாங் சிங்-குவோ நேரில் இருந்து பதுக்கல்காரர்களைப் பிடித்தார். பயந்தவர்கள், நம்பியவர்கள், சட்டத்தை மதித்தவர்கள் எல்லோரும் கொண்டுபோய்க் கொடுத்தார்கள். சில மாதங்களில் வாக்குக் காற்றில் போயிற்று. அந்த டிசம்பரில் ஷாங்காய் வங்கி வாசலில் தங்கம் வாங்க மக்கள் ஒருவர் மேல் ஒருவர் அழுந்தி நிற்பதை ஹென்றி கார்ட்டியே-ப்ரெஸ்ஸோன் படம் எடுத்தார். அந்த நெரிசலில் உயிர் போனவர்களும் உண்டு. 1949 ஜூலையில் 50 கோடி தங்க யுவானுக்கு ஒரு வெள்ளி யுவான் என்று மாற்றினார்கள். ஷின்ஜியாங்கில் மாகாண வங்கி 600 கோடி யுவானுக்கு ஒரே தாளாக ஒரு நோட்டு வெளியிட்டது.

ஆப்பேயின் பேரேட்டில் தங்க யுவான் நோட்டு ஒன்றோடு ஒரு பதில் கடிதமும் இருந்தது. அது வாடிக்கையாளருடையது அல்ல, அவருடைய சொந்தத் தாயிடமிருந்து வந்தது. பேரன் எழுத்துக் கூட்டி வாசித்தான். பணம் வந்தது, வந்த அன்றே அரிசி வாங்கப் போனோம், போகிற வழியிலேயே விலை ஏறிவிட்டது, இனி ஹாங்காங் டாலராக அனுப்பு என்று இருந்தது. அவ்வளவுதான். அந்தக் கிழவி தன் நாட்டுப் பணத்தைத் தன் வீட்டு வாசலில் வேண்டாம் என்று சொன்ன நாள் அது. சியாங் கை-ஷேக்கின் அரசு கவிழ்ந்ததற்குப் போர்க்களத்துக் காரணங்களைத்தான் புத்தகங்கள் நிறையச் சொல்கின்றன. ஆனால் தங்கத்தைக் கொண்டுபோய்க் கொடுத்த நடுத்தர மக்கள் அதன் பிறகு அந்த அரசுக்காக விரலைக்கூட அசைக்கவில்லை என்பதை நான் அதற்குச் சமமாக வைப்பேன்.

ஆனால் ஆப்பே காகிதத்தைப் பழித்து நான் கேட்டதில்லை. "நாங்கதான் முதல்லே செஞ்சது" என்பார், தலையை நிமிர்த்திக்கொண்டு. எப்போது, எங்கே என்பதையெல்லாம் நான் வளர்ந்து தேடிப் படித்தேன். சிச்சுவான் மாகாணம், செங்டு நகரம், 10ஆம் நூற்றாண்டின் இறுதி. அங்கே செம்பு நாணயம் இல்லை, இரும்பு நாணயம். ஒரு துணிக்கட்டு வாங்க ஆள் வைத்துக் காசு சுமக்க வேண்டும். ஆகவே வியாபாரிகள் இரும்பை நம்பகமான கடையில் போட்டுவிட்டுச் சீட்டு வாங்கிக்கொண்டார்கள். 'ஜியாவ்சி' என்ற அந்தச் சீட்டே கைமாறத் தொடங்கியது. 16 பணக்காரக் குடும்பங்கள் உரிமை பெற்று அதை நடத்தின. சில கடைகள் திருப்பிக் கொடுக்க முடியாமல் வழக்கு வந்ததும், 1023இல் அரசே அலுவலகம் திறந்து தொழிலை எடுத்துக்கொண்டது. முதல் வெளியீடு 12,56,340 கோவைக் காசுக்கு; கயிற்றில் கோத்த காசுக்கட்டுதான் கோவை. அதற்குப் பின்பலமாக 3,60,000 கோவை இரும்புக் காசு ஒதுக்கிவைக்கப்பட்டது. சீட்டுக்குக் காலக்கெடு இருந்தது, கெடு முடிந்தால் புதுச்சீட்டு. இவ்வளவு அடிக்க வேண்டும், இவ்வளவு கையில் வைத்திருக்க வேண்டும் என்று ஆயிரம் வருடத்துக்கு முன்னால் ஓர் அலுவலகம் தனக்குத் தானே எல்லை போட்டுக்கொண்டது. மல்பெரிப் பட்டைக் காகிதத்தைவிட, அச்சுக் கலையைவிட எனக்கு அந்த எல்லைதான் பெரிய கண்டுபிடிப்பாகப் படுகிறது.

எல்லையைத் தாண்டியவர்களின் கதை நீளமானது. எல்லையைத் தாண்ட வைத்தது அநேகமாக எப்போதும் போர்ச்செலவு. சோங் அரசே பிறகு தாண்டியது. மங்கோலியப் பேரரசர் குப்லாய் கான் 1260இல் பேரரசு முழுவதற்கும் ஒரே நோட்டு கொண்டுவந்தார். மார்க்கோ போலோ அதைப் பார்த்து வியந்து, மல்பெரி மரப்பட்டையிலிருந்து கறுப்புத்தாள் செய்வதை எழுதிவைத்தார். அவர் வியந்த நோட்டு 1287லேயே தேய்ந்து, மாற்று நோட்டு தேவைப்பட்டது. 1294இல் பாரசீகத்தை ஆண்ட மங்கோலியர் தப்ரீஸில் அதே மாதிரி முயன்றார்கள், கடைத்தெரு மூடிக்கிடந்தது, திரும்பப் பெற்றார்கள். மிங் வம்சத்தின் 1375ஆம் வருடத்து நோட்டு ஓர் அடிக்குக் கொஞ்சம் கூடுதலான நீளம். எழுத்துத் தெரியாதவனுக்கும் புரியட்டும் என்று நடுவில் காசுக் கோவைகளையே படமாகப் போட்டிருந்தார்கள். கள்ளநோட்டு அடித்தால் தலை போகும், பிடித்துக் கொடுத்தால் 250 சீன அவுன்ஸ் வெள்ளி பரிசு என்று அதிலேயே அச்சிட்டார்கள். ஆனால் அந்த நோட்டைக் கொண்டுபோய்க் கொடுத்தால் அரசு வெள்ளி தராது. அடிப்பதற்கு அளவும் இல்லை. அடுத்த நூற்றாண்டின் நடுவில் அதைச் சந்தையில் யாரும் சீண்டவில்லை. சீனம் வெள்ளிக்குத் திரும்பி, பல நூறு வருடம் அதிலேயே இருந்தது. ஆப்பே காதோரம் ஊதிய நாணயத்துக்குப் பின்னால் இவ்வளவு இருக்கிறது.

பேரேட்டின் கடைசி நோட்டுகளில் ஆங்கிலம் இல்லை, எனக்கு வாசிக்க ஒன்றும் இல்லை. 1948 டிசம்பர் 1 அன்று ஷிஜியாஜுவாங்கில் கம்யூனிஸ்டுகள் தொடங்கிய மக்கள் வங்கியின் ரென்மின்பி. அதிலும் முதலில் பூஜ்யங்கள். 50,000 யுவான் வரை போயிற்று. 1955 மார்ச்சில் 10,000 பழையதுக்கு ஒரு புதியது என்று மாற்றி நிறுத்தினார்கள். அந்த வருடத்துப் பக்கத்தில் ஒரு சிறிய நோட்டு, அதற்கு மேல் வெள்ளைத் தாள்.

வெள்ளைத் தாளில் 1967இல் ஒரு வரி விழுந்தது. அந்த ஜூனில் மலேசியாவுக்குப் புது நோட்டு வந்திருந்தது, பேரரசர் படத்தோடு. பழைய மலாயா நோட்டும் கூடவே ஒன்றுக்கு ஒன்றாகச் செல்லும் என்றிருந்தது. நவம்பர் 18 அன்று பிரிட்டன் பவுண்டின் மதிப்பைக் குறைத்தது. புது வெள்ளி அசையவில்லை. பவுண்டோடு கட்டியிருந்த பழைய வெள்ளி 85 காசாக விழுந்தது. ஒரே சட்டைப் பையில் இரண்டு நோட்டு, ஒன்று முழு வெள்ளி, ஒன்று முக்காலே சொச்சம். கடைக்காரர்கள் பழையதை வாங்க மறுத்தார்கள். 24ஆம் தேதி பினாங்கில் கடையடைப்பு; அது கலவரமாகி, உயிர்ப்பலியாகி, ஊரடங்கில் முடிந்தது. அப்பா ஹார்பரிலிருந்து வரும்வரை அம்மா கதவிடுக்கில் நின்றிருந்தாள். பாட்டி தகரப் பெட்டியைத் திறந்து பார்த்துவிட்டு மூடினாள்.

ஊரடங்கு தளர்ந்ததும் ஆப்பே பழைய நோட்டுகளைத் துணியில் கட்டிக்கொண்டு வங்கிக்குப் போனார். எங்களையும் கூட்டிப்போனார். வரிசை தெருமுனை வரை நின்றது. பேரன் அவரிடம், இனி வெள்ளி நாணயமாகவே வைத்துக்கொள்ளக் கூடாதா என்று கேட்டான். "வெள்ளியை வெச்சுகிட்டு யாவாரம் எப்படிப் பண்றது? காகிதம் வேணும். அடிக்கிறவன் கையைக் கட்டணும்." கோபமில்லாமல்தான் சொன்னார். வீட்டுக்கு வந்து பேரேட்டை எடுத்து, கணக்கெழுத்தில் நூறு என்று எழுதி, எதிரில் எண்பத்தைந்து என்று எழுதினார். படகு போட்ட பழைய ஒரு வெள்ளி நோட்டை அந்தப் பக்கத்தில் வைத்தார்.

காகிதம் மடித்த கூலியைப் பண்டிகைக்குத் தருவதாக அவர் மேசையில் எங்களுக்காகச் சேர்த்து வைத்திருந்தார். எல்லாம் படகு நோட்டு. அன்று அதையும் எண்ணி, ஒரு வெள்ளிக்கு ஒரு வெள்ளியாகப் புது நோட்டில் எங்கள் இருவருக்கும் கொடுத்தார். நான் அம்மாவிடம் நீட்டினேன். அவள் கணக்குப் பார்த்து, 85 காசு வீதம்தான் வர வேண்டும், மீதியைக் கொடுத்துவிட்டு வா என்று சில்லறையோடு திருப்பி அனுப்பினாள். ஆப்பே வாங்கவில்லை. "பேசினது வெள்ளி" என்றார், "வெள்ளிதான் குடுப்பேன்." மறுநாள் அம்மா ஒரு தட்டில் வாழைப்பழமும் பலகாரமும் வைத்து, என்னை அனுப்பாமல், தானே எடுத்துக்கொண்டு போனாள்.